ஏழாவது பிரதமர் யார்? டிரினிடாட் ஆட்சித் தலைவர்களை எண்ண நான்கு முறைகள்

கரீபியன் தீவு நாடான டிரினிடாட் டொபாகோவின் ஏழாவது பிரதமர் யார்? வினாடி வினாவில் இந்தக் கேள்வியைப் போட்டால் அரங்கில் சண்டை உறுதி. ஒரு அணி கமலா பெர்சாத்-பிசேசர் என்று எழுதும், இன்னொரு அணி கீத் ரௌலி என்று எழுதும். இரண்டும் சரி. முதல் அணி பதவிக்காலங்களை எண்ணியிருக்கிறது, இரண்டாவது அணி ஆட்களை எண்ணியிருக்கிறது. எட்டாவது யார் என்று கேட்டாலும் இதே கதைதான். ஒரு கணக்கில் ரௌலி, மறு கணக்கில் ஸ்டூவர்ட் யங்.

பொது அறிவு நூல் தொகுப்பவர்களும், கலைக்களஞ்சியத்துக்கு எழுதுபவர்களும், போட்டித் தேர்வுக் குறிப்பு தயாரிப்பவர்களும் தடுமாறும் இடம் இது. ஒரு மூலத்திலிருந்து பெயரையும் இன்னொரு மூலத்திலிருந்து வரிசை எண்ணையும் எடுத்து ஒட்டிவிடுகிறார்கள். பட்டியலின் நடுவில் ஒரு எண் இரண்டு முறை வந்து நிற்கும், அல்லது ஒன்று காணாமல் போகும். எண்ணும் முறையை முன்கூட்டியே முடிவு செய்துகொண்டால் இந்தத் தலைவலி இல்லை. நான்கு முறைகள் புழக்கத்தில் உள்ளன. எதை எப்போது எடுக்கலாம் என்று பார்ப்போம்.

## முதலில் அளவுகோல்கள்

எந்த முறையையும் ஐந்து கேள்விகளால் உரசிப் பார்க்கலாம்.

1. பட்டியல் ஒரே பதவியைப் பற்றியதா? முதலமைச்சர், பிரீமியர் (விடுதலைக்கு முன் அமைச்சரவைக்குத் தலைமை தாங்கியவர்), பிரதமர் மூன்றும் வேறு வேறு அதிகாரம் கொண்ட பதவிகள்.
2. ஒருவர் போய்த் திரும்பி வந்தால் பட்டியல் அதைத் தாங்குமா?
3. அடுத்த ஆட்சி மாற்றத்தின்போது ஒரு வரி சேர்த்தால் போதுமா, பழைய வரிகளையும் திருத்த வேண்டுமா?
4. ஒவ்வொரு வரிக்கும் ஐயமில்லாத ஒரு தேதி கிடைக்குமா?
5. படிப்பவர் எதைத் தேடி வருகிறார்? பெயரையா, ஆண்ட காலத்தையா, ஆட்சி கைமாறிய விதத்தையா?

ஐந்துக்கும் நல்ல பதில் தரும் முறை கிடையாது. எதை விட்டுக்கொடுப்பது என்பதில்தான் தேர்வு இருக்கிறது.

## கையில் இருக்க வேண்டிய அடிப்படைத் தரவு

எந்த முறையை எடுத்தாலும் கீழே உள்ள பத்து வரிகளிலிருந்துதான் தொடங்க வேண்டும். இதைச் சரியாக வைத்துக்கொண்டால் மற்றவை எல்லாம் இதிலிருந்து கிளைத்துவிடும்.

| காலம் | பிரதமர் | பதவியேற்ற நாள் | கட்சி | வந்த வழி |
|---|---|---|---|---|
| 1 | எரிக் வில்லியம்ஸ் | 31 ஆகஸ்ட் 1962 | பிஎன்எம் | பிரீமியராக இருந்தவர், விடுதலை நாளில் பிரதமரானார் |
| 2 | ஜார்ஜ் சேம்பர்ஸ் | 30 மார்ச் 1981 | பிஎன்எம் | வில்லியம்ஸ் பதவியில் இருக்கும்போதே இறந்தார் |
| 3 | ஏ.என்.ஆர். ராபின்சன் | 18 டிசம்பர் 1986 | என்ஏஆர் | தேர்தல், 36இல் 33 இடம் |
| 4 | பேட்ரிக் மேனிங் | 17 டிசம்பர் 1991 | பிஎன்எம் | தேர்தல், 36இல் 21 |
| 5 | பாஸ்தியோ பாண்டே | 9 நவம்பர் 1995 | யுஎன்சி | 17–17–2 என முடிந்த தேர்தல், என்ஏஆர் ஆதரவு |
| 6 | பேட்ரிக் மேனிங் | 24 டிசம்பர் 2001 | பிஎன்எம் | 18–18 சமநிலை, குடியரசுத் தலைவரின் நியமனம் |
| 7 | கமலா பெர்சாத்-பிசேசர் | 26 மே 2010 | யுஎன்சி | தேர்தல், கூட்டணிக்கு 41இல் 29 |
| 8 | கீத் ரௌலி | 9 செப்டம்பர் 2015 | பிஎன்எம் | தேர்தல், 41இல் 23 |
| 9 | ஸ்டூவர்ட் யங் | 17 மார்ச் 2025 | பிஎன்எம் | ரௌலி விலகல், கட்சியின் அவை உறுப்பினர்களின் தேர்வு |
| 10 | கமலா பெர்சாத்-பிசேசர் | 1 மே 2025 | யுஎன்சி | தேர்தல், 41இல் 26 |

பிஎன்எம் என்பது வில்லியம்ஸ் தொடங்கிய மக்கள் தேசிய இயக்கம். யுஎன்சி, ஐக்கிய தேசிய காங்கிரஸ். என்ஏஆர், 1986இல் எதிர்க்கட்சிகள் ஒன்றுசேர்ந்து அமைத்த தேசிய மறுசீரமைப்புக் கூட்டணி.

இந்தப் பட்டியலில் முடிவு நாள் என்று ஒரு பத்தி வேண்டுமென்றே இல்லை. ஒருவர் விலகல் கடிதம் கொடுத்த நாள், அது நடைமுறைக்கு வந்த நாள், அடுத்தவர் பதவியேற்ற நாள் மூன்றும் ஒன்றாக இருக்கத் தேவையில்லை. ஒவ்வொரு மூலமும் இவற்றில் ஒன்றைப் பிடித்துக்கொள்ளும். தொடக்க நாளை மட்டும் எழுதுங்கள். அடுத்தவரின் தொடக்கம்தான் முந்தையவரின் முடிவு. இதற்கு விலக்கு 1981 மட்டும். வில்லியம்ஸ் மார்ச் 29இல் இறந்தார், சேம்பர்ஸ் 30இல் பதவியேற்றார். அந்த இடத்தில் இறந்த நாளைத் தனியே குறித்துவிடலாம்.

## முறை 1: ஆளுக்கு ஒரு எண்

ஒருவர் எத்தனை முறை வந்தாலும் ஒரே எண். வில்லியம்ஸ், சேம்பர்ஸ், ராபின்சன், மேனிங், பாண்டே, கமலா, ரௌலி, யங் என எட்டுப் பேர். இதன்படி கமலா ஆறாவது, ரௌலி ஏழாவது, யங் எட்டாவது.

இதன் பலம் எளிமை. "இதுவரை எத்தனை பேர் பிரதமராக இருந்திருக்கிறார்கள்?" என்று கேட்டால் நேரடி விடை 8. வாழ்க்கைக் குறிப்பு எழுதுபவருக்கும் இதுவே வசதி, ஏனென்றால் ஒருவருக்கு ஒரே அடைமொழிதான்.

இதன் மறைமுக விலை 2025இல் தெரிந்தது. இப்போது பதவியில் இருப்பவர் ஆறாவது பிரதமர். அவருக்கு முன்பு இருந்தவர் எட்டாவது. பட்டியலை மேலிருந்து கீழாகப் படிப்பவருக்கு 6, 7, 8, பிறகு மறுபடி 6. அச்சுப்பிழை என்று நினைத்து ஒரு பிழை திருத்துநர் அதை 9 என்று மாற்றிவிட்டால் அவரைக் குறை சொல்ல முடியாது. 1991க்கும் 2001க்கும் இடையே இதே சிக்கல் மேனிங்கால் வந்தது: 4, 5, மறுபடி 4.

இன்னொரு விலை, இடைவெளி மறைந்துபோவது. "மேனிங், 1991–2010" என்று ஒரே வரியில் எழுதினால், நடுவே பாண்டே ஆண்ட ஆறு ஆண்டுகளை விழுங்கிவிட்டோம். "1991–95, 2001–10" என்று இரண்டு காலத்தையும் ஒரே வரியில் அடைத்தால் பாண்டேவை எங்கே வைப்பது என்ற கேள்வி வரும்.

ஆனால் யார் அதிக காலம் ஆண்டார் என்று ஒப்பிட இந்த முறைதான் நியாயமானது. வில்லியம்ஸுக்கு அடுத்த இடத்தில் மேனிங், இரண்டு காலமும் சேர்த்து ஏறக்குறைய 12 ஆண்டு 4 மாதம். ரௌலி 9 ஆண்டு 6 மாதத்தோடு மூன்றாவது.

## முறை 2: பதவிக்காலத்துக்கு ஒரு எண்

பதவி ஒருவரிடமிருந்து இன்னொருவருக்குக் கைமாறும் ஒவ்வொரு முறையும் புதிய எண். பத்துக் காலங்கள். கமலா ஏழாவதும் பத்தாவதும். மேனிங் நான்காவதும் ஆறாவதும்.

ஒரு முக்கிய விதி: அதே ஆள் தேர்தலில் மறுபடி வென்று பதவியேற்றால் எண் மாறாது. வில்லியம்ஸ் 1966, 1971, 1976 தேர்தல்களுக்குப் பிறகும் அதே முதல் காலத்தில்தான் இருக்கிறார். 2002 அக்டோபரில் மேனிங் 20–16 என்று வென்றபோதும், 2020இல் ரௌலி 22–19 என்று வென்றபோதும் புதிய காலம் தொடங்கவில்லை. இந்த விதியைப் பாதியில் மறந்துவிட்டு "இரண்டாவது முறை பதவியேற்றார்" என்ற செய்தியைப் பார்த்ததும் ஒரு எண் கூட்டுவது, இந்த முறையில் அதிகம் நடக்கும் பிழை.

பட்டியல் ஒழுங்காகக் கீழே இறங்கும். அடுத்த மாற்றம் வந்தால் 11 என்று ஒரு வரி சேர்த்தால் போதும், பழையதைத் தொட வேண்டாம். ஆட்சி கைமாறியதை விளக்க விரும்புபவருக்கு இதைவிடச் சிறந்த சட்டகம் இல்லை, ஏனென்றால் ஒவ்வொரு வரியும் ஒரு நிகழ்வு.

அந்த நிகழ்வுகள்தான் இந்த நாட்டின் அரசியலைச் சொல்கின்றன என்பதால் மூன்றைக் கொஞ்சம் விரித்துப் பார்ப்பது நல்லது.

1981. வில்லியம்ஸ் வாரிசு என்று யாரையும் காட்டாமல் போனார். பிஎன்எம் கட்சிக்குத் துணைத் தலைவர்கள் மூன்று பேர்: சேம்பர்ஸ், எரோல் மஹபிர், கமாலுதீன் முகமது. கட்சி மாநாடு கூடிப் பேசித் தீர்க்கும்வரை நாடு காத்திருக்க முடியாது. குடியரசுத் தலைவர் எல்லிஸ் கிளார்க் மறுநாளே சேம்பர்ஸை அழைத்துப் பதவியேற்க வைத்தார். அதே ஆண்டு நவம்பர் தேர்தலில் சேம்பர்ஸ் 36இல் 26 இடம் வென்றார். 1986இல் தன் சொந்தத் தொகுதியையே இழந்தார்.

2001. டிசம்பர் 10 தேர்தலில் இரு கட்சிக்கும் 18 இடங்கள். அரசியல் சட்டத்தின் 76ஆம் பிரிவுப்படி, பெரும்பான்மைக் கட்சி எதுவும் இல்லாதபோது, அவையின் ஆதரவைப் பெற அதிக வாய்ப்புள்ளவர் என்று தனக்குத் தோன்றும் உறுப்பினரைக் குடியரசுத் தலைவர் நியமிக்கலாம். அப்போது அந்தப் பதவியில் இருந்தவர் முன்னாள் பிரதமர் ராபின்சன். இரண்டு வாரம் கழித்து, பதவியில் இருந்த பாண்டேவை விடுத்து மேனிங்கை நியமித்தார். ஒழுக்கம், ஆன்மிக மதிப்பு ஆகியவற்றைக் காரணமாகச் சொன்னார். 18–18 அவையால் 2002 ஏப்ரலில் கூடியும் சபாநாயகரைக் கூடத் தேர்ந்தெடுக்க முடியவில்லை. கடைசியில் அக்டோபரில் மறு தேர்தல். ஆக மேனிங்கின் இரண்டாவது காலத்தின் முதல் பத்து மாதங்கள் அவை இயங்காமலே கழிந்தன. பட்டியலில் அது தெரியாது. குறிப்பில்தான் சொல்ல வேண்டும்.

2025. ஜனவரியில் ரௌலி விலகப் போவதாக அறிவித்தார். பிஎன்எம் அவை உறுப்பினர்கள் கூடி ஸ்டூவர்ட் யங்கை 11–9 என்று தேர்ந்தெடுத்தார்கள். தோற்றவர் பெனலோப் பெக்கிள்ஸ். ஆனால் கட்சித் தலைவர் பதவியை ரௌலி விடவில்லை. பிரதமர் ஒருவர், ஆளுங்கட்சித் தலைவர் வேறொருவர். யங் பதவியேற்ற மறுநாளே ஏப்ரல் 28இல் தேர்தல் என்று அறிவித்தார். தோற்றார். மொத்தம் 45 நாள்.

இந்த முறையின் விலையும் இதே இடத்தில் இருக்கிறது. 45 நாள் ஆண்ட யங்குக்கும் 18 ஆண்டு 7 மாதம் ஆண்ட வில்லியம்ஸுக்கும் ஆளுக்கு ஒரே எண், ஒரே அகல வரி. நீளத்தைக் காட்டும் பத்தி ஒன்று சேர்க்காவிட்டால் பட்டியல் படிப்பவரை ஏமாற்றும். அதோடு, யார் நீண்ட காலம் ஆண்டவர் என்ற வரிசை இங்கே மாறிவிடுகிறது. ஒரே தொடர்ச்சியான காலம் என்று பார்த்தால் இரண்டாவது இடம் ரௌலிக்கு. மேனிங்கின் நீண்ட காலம் 8 ஆண்டு 5 மாதம்தான். "இரண்டாவது நீண்ட காலப் பிரதமர்" என்று எழுதும்போது தொடர்ச்சியாகவா, மொத்தமாகவா என்று ஒரு சொல் சேர்த்தே ஆக வேண்டும்.

## முறை 3: 1956 முதல், அல்லது 1950 முதல்

பிரதமர் என்ற பதவி 1962இல்தான் பிறந்தது. ஆனால் ஆட்சித் தலைவர் என்று தலைப்பு வைத்தால் அதற்கு முன்னும் ஒருவர் இருந்தாரே என்ற கேள்வி எழும். 1956 செப்டம்பர் 24 தேர்தலில் பிஎன்எம் வென்றது, வில்லியம்ஸ் முதலமைச்சரானார். 1959இல் அமைச்சரவை முறை வந்தபோது பிரீமியர் ஆனார். 1962இல் பிரதமர்.

இங்கே ஒரு நல்ல செய்தி. 1956இலிருந்து தொடங்கினாலும் ஆட்களின் எண்ணிக்கை மாறாது, மூன்றும் வில்லியம்ஸே. ஆட்சிக் காலம்தான் மாறும்: 18 ஆண்டு 7 மாதம் என்பது 24 ஆண்டுக்கு மேல் போகும். வில்லியம்ஸ் கால் நூற்றாண்டு ஆண்டார் என்று எழுதுபவர்கள் இந்தக் கணக்கைத்தான் எடுக்கிறார்கள்.

அதிகாரம் அப்போது எவ்வளவு குறைவு என்பதையும் பார்க்க வேண்டும். 1956 சட்டசபையில் 31 பேர். மக்கள் தேர்ந்தெடுத்தவர்கள் 24, மற்றவர்கள் நியமன உறுப்பினர்களும் அதிகாரிகளும். பிஎன்எம் வென்றது 13. தேர்ந்தெடுக்கப்பட்டவர்களில் அது பெரும்பான்மை, முழு அவையில் இல்லை. நியமன இடங்களில் இரண்டை வில்லியம்ஸ் சொன்னவர்களைக் கொண்டு நிரப்ப ஆளுநர் பீத்தம் இணங்கியதால்தான் அவருடைய ஆட்சி நின்றது. இப்படிப்பட்ட பதவியையும் 1962க்குப் பிந்தைய பதவியையும் ஒரே வரிசை எண்ணில் கோப்பது முதல் அளவுகோலில் தோற்கிறது.

1950க்குப் போனால் சிக்கல் இன்னும் பெரிது. அந்த ஆண்டின் அரசியல் சட்டப்படி, தேர்ந்தெடுக்கப்பட்டவர்களில் சிலர் அமைச்சர்கள் ஆனார்கள். தொழிலாளர், தொழில், வணிகத் துறைகளைக் கையில் வைத்திருந்த ஆல்பர்ட் கோம்ஸ் அவர்களில் ஓங்கி நின்றார். சில பட்டியல்கள் அவரையே முதல் முதலமைச்சர் என்கின்றன. நடைமுறையில் அவர் செல்வாக்கு அப்படித்தான் இருந்தது. ஆனால் அமைச்சர்களுக்குத் தலைவர் என்று ஒரு பதவி அப்போது உருவாகவில்லை. தலைமை ஆளுநரிடமே இருந்தது. 1950 தேர்தலில் அதிக இடம் பெற்ற அணி யூரியா பட்லருடையது. அதிலிருந்து ஒருவரைக்கூட அமைச்சராக்கவில்லை. கோம்ஸை முதல் எண்ணாக வைத்தால் எல்லா எண்ணும் ஒன்று கூடும்: வில்லியம்ஸ் இரண்டாவது, கமலா ஏழாவது. ஆம், ஆளுக்கு ஒரு எண் என்ற கணக்கிலேயே கமலா ஏழாவது ஆகிவிடுவார். குழப்பத்துக்கு மூன்றாவது கதவு இது.

என் கருத்து: கோம்ஸை எண்ணில் சேர்க்க வேண்டாம். எண் இல்லாத ஒரு வரியாக மேலே வைக்கலாம், "அமைச்சர்களில் முதன்மையானவர்" என்ற குறிப்போடு.

இந்தக் காலத்தில் இன்னொரு பொறியும் உண்டு. 1958 முதல் 1962 மே வரை மேற்கிந்தியக் கூட்டாட்சி இருந்தது. அதன் தலைமையிடம் போர்ட் ஆப் ஸ்பெயின். அதன் பிரதமர் பார்படோஸைச் சேர்ந்த கிராண்ட்லி ஆடம்ஸ். ஒரே ஊரில் ஒரு பிரதமரும் ஒரு பிரீமியரும். "1960இல் போர்ட் ஆப் ஸ்பெயினில் இருந்த பிரதமர்" என்று ஒரு பழைய செய்தியில் பார்த்துவிட்டு ஆடம்ஸை டிரினிடாட் பட்டியலில் நுழைத்துவிடக் கூடாது.

தமிழில் எழுதுபவர்களுக்குச் சொல் தேர்வும் ஒரு செலவு. பிரீமியர் என்பதைப் பிரதமர் என்று பெயர்த்தால் 1959இலேயே பிரதமர் வந்துவிடுவார். முதலமைச்சர் என்று பெயர்த்தால் 1956க்கும் 1959க்கும் வேறுபாடு இருக்காது. 1937இல் சென்னை மாகாணத்தில் ராஜாஜி வகித்த பதவியும் பிரீமியர்தான். அதைத் தமிழில் எழுதும்போதும் இதே தடுமாற்றம் உண்டு. பிரீமியர் என்றே விட்டுவிடுவது மேல்.

## முறை 4: நாடாளுமன்ற வாரியாக

ஒவ்வொரு தேர்தலுக்கும் ஒரு வரி. ஆட்சி யாரிடம் எத்தனை இடத்தோடு இருந்தது என்று பார்க்க விரும்பும் அரசியல் மாணவருக்கு ஏற்றது. 1971 போன்ற ஆண்டுகள் இதில்தான் கண்ணில் படும்: எதிர்க்கட்சிகள் புறக்கணிக்க, 36 இடமும் பிஎன்எம் கையில். மற்ற முறைகளில் அந்த ஆண்டுக்கு ஒரு வரிகூட இருக்காது.

எண்ணில்தான் வம்பு. 1976 ஆகஸ்ட் 1இல் நாடு குடியரசானது. நாடாளுமன்றத்தின் எண் அங்கே மறுபடி 1இலிருந்து தொடங்கியது. 1961 தேர்தலில் வந்த அவையிலிருந்து மூன்று நாடாளுமன்றங்கள் முடிந்து, 1976 செப்டம்பர் தேர்தலுக்குப் பின் வந்தது முதல் குடியரசு நாடாளுமன்றம். 2025இல் வந்தது பதின்மூன்றாவது. பிரதமர் பதவியின் எண் மட்டும் 1976இல் மாறவில்லை. "ஏழாவது நாடாளுமன்றம், ஏழாவது பிரதமர்" என்று இணைத்துப் படிக்க ஆசை வரும். ஏழாவது குடியரசு நாடாளுமன்றம் என்பது 2002இல் சபாநாயகர் இல்லாமல் கலைந்த அந்த அவை.

தேர்தல் இல்லாமல் வந்தவர்கள் இந்த முறையில் விழுந்துவிடுவார்கள் என்பதுதான் பெரிய ஓட்டை. சேம்பர்ஸின் முதல் சில மாதங்கள் வில்லியம்ஸ் வென்ற அவையின் வாலில் ஒட்டிக்கொண்டிருக்கும். யங்குக்குத் தனி வரியே கிடையாது. ஒரு வரிக்குள் இரண்டு பெயர் எழுதத் தயாராக இருந்தால் மட்டும் இதை எடுங்கள்.

## பக்கத்தில் வைத்துப் பார்த்தால்

| | ஆள் | பதவிக்காலம் | 1956 முதல் | நாடாளுமன்றம் |
|---|---|---|---|---|
| மொத்த வரி | 8 | 10 | 12 (கோம்ஸோடு 13) | 16 |
| கமலாவின் எண் | 6 | 7, 10 | தொடங்கும் இடத்தைப் பொறுத்தது | 10ஆவது, 13ஆவது குடியரசு அவை |
| ஒரே பதவிதானா | ஆம் | ஆம் | இல்லை | ஆம் |
| திரும்பி வருபவரைத் தாங்குமா | திணறும் | தாங்கும் | தாங்கும் | தாங்கும் |
| யங் தெரிவாரா | ஆம் | ஆம் | ஆம் | அடிக்குறிப்பில் |
| பெரிய ஆபத்து | எண் பின்னோக்கிப் போவது | மறு வெற்றியை எண்ணிவிடுவது | பதவிகள் கலப்பது | 1976இல் எண் உடைவது |

## எந்த முறையிலும் கெடும் இடங்கள்

தேர்தல் நாளும் பதவியேற்ற நாளும். 1991இல் ஒரு நாள் இடைவெளி, 2010இலும் 2015இலும் இரண்டு நாள், 1986, 1995, 2025இல் மூன்று நாள். 2001இல் பதினான்கு. தேர்தல் நாளைப் பதவியேற்ற நாளாக எழுதினால் பெரும்பாலும் ஆண்டு பிசகாது, அதனால் பிழை கண்ணில் படாமலே தங்கிவிடும். நாள் கணக்கு போடும்போதுதான் உதைக்கும்.

தற்காலிகப் பிரதமர்கள். பிரதமர் வெளிநாடு போனாலோ நோயுற்றாலோ அமைச்சரவையில் ஒருவர் பொறுப்பு வகிப்பார். ரௌலி காலத்தில் நிதியமைச்சர் கால்ம் இம்பர்ட் பலமுறை அப்படி இருந்திருக்கிறார். இவர்களைச் சேர்த்தால் பட்டியலுக்கு முடிவே இல்லை. ஒரே ஒரு முறை அடிக்குறிப்பு கட்டாயம் வேண்டும். 1990 ஜூலை 27இல் ஜமாஅத் அல் முஸ்லிமீன் என்ற குழு ரெட் ஹவுஸ் நாடாளுமன்றக் கட்டடத்தைப் பிடித்தது. பிரதமர் ராபின்சன் பணயக் கைதியானார், காலில் சுடப்பட்டார். அமைச்சர் வின்ஸ்டன் டூக்கரன் பிரதமர் பொறுப்பை ஏற்றார். அப்போது குடியரசுத் தலைவர் நூர் ஹசனலியும் நாட்டில் இல்லை. அவர் இடத்தில் மேலவைத் தலைவர் ஜோசப் இம்மானுவேல் கார்ட்டர். இரண்டு உச்சப் பதவிகளிலும் பொறுப்பாளர்கள். ஆகஸ்ட் 1இல் முற்றுகை முடிந்தது. ராபின்சனின் காலம் அறுபடவில்லை, எனவே எண் மாறாது.

ராபின்சன் இரண்டு பட்டியலில் வருவார். பிரதமராக 1986–91, குடியரசுத் தலைவராக 1997–2003. ஆட்சித் தலைவர், நாட்டுத் தலைவர் என்ற பிரிப்பை விட்டுவிட்டால், மேனிங்குக்குப் பின் ராபின்சன் மறுபடி ஆட்சிக்கு வந்ததுபோல் தோன்றும்.

கட்சிப் பத்தி. பதவியேற்ற நாளில் இருந்த கட்சியை எழுதுங்கள். ராபின்சன் முதலில் பிஎன்எம்மின் நிதியமைச்சர், 1970இல் விலகியவர். பாண்டே என்ஏஆர் அமைச்சரவையில் இருந்து நீக்கப்பட்டவர். யுஎன்சி அதன் பிறகு வந்தது. 2010இல் கமலா தலைமை தாங்கியது ஐந்து கட்சிகளின் மக்கள் கூட்டணி. பத்தியில் யுஎன்சி என்று போட்டுக் கூட்டணியை அடிக்குறிப்பில் சொல்லலாம்.

கட்சித் தலைவர் பட்டியலிலிருந்து பிரதமர் பட்டியல் எடுப்பது. 2025 ஒன்றே போதும் இது ஏன் கூடாது என்று காட்ட. 1973இலும் வில்லியம்ஸ் விலகுவதாக அறிவித்து, சில மாதத்தில் திரும்பப் பெற்றார். அறிவிப்பு நடந்தது, பதவி கைமாறவில்லை.

டொபாகோ. டொபாகோ தீவுக்கு 1980 முதல் தனிப் பேரவை உண்டு. அதன் தலைவருடைய பதவிப் பெயரை அப்படியே பெயர்த்தால் தலைமைச் செயலாளர் என்று வரும். நம் வாசகர் அதை ஐஏஎஸ் அதிகாரி என்றே புரிந்துகொள்வார். அது மக்கள் தேர்ந்தெடுத்த அரசியல் பதவி. டொபாகோ பேரவைத் தலைவர் என்று எழுதுவது பாதுகாப்பு. பிரதமர் பட்டியலோடு அதைக் கலக்க வேண்டாம்.

பெயர். கம்லா, கமலா, பெர்சாத், பிரசாத், ரௌலி, ரோலி. ஒரு வடிவத்தை எடுத்துக் கடைசிவரை அதையே எழுதுங்கள். தேடல் வசதிக்காக மாற்று வடிவத்தை ஒரே ஒரு முறை அடைப்பில் கொடுத்தால் போதும்.

## யாருக்கு எது

வினாடி வினா, போட்டித் தேர்வு: ஆளுக்கு ஒரு எண். ஆனால் கேள்வியில் வரிசை எண்ணைக் கேட்காதீர்கள். "1981இல் வில்லியம்ஸுக்கு அடுத்து வந்தவர் யார்?" என்றால் விடை ஒன்றுதான்.

கலைக்களஞ்சியம், ஆண்டு மலர், செய்தி அறையின் குறிப்பு அட்டை: பதவிக்காலம், தொடக்க நாளோடு. 1956–62ஐ எண் இல்லாத இரண்டு வரிகளாகத் தலையில் வையுங்கள். தயங்குபவர்கள் இதையே எடுக்கலாம். பத்தில் எட்டுத் தேவைக்கு இதுவே போதும்.

வில்லியம்ஸைப் பற்றியோ காலனி ஆட்சி எப்படிக் கைவிட்டுப் போனது என்பதைப் பற்றியோ எழுதுபவர்: 1956 முதல், பதவிப் பெயர் ஒவ்வொரு வரியிலும். தேர்தல் ஆய்வு: நாடாளுமன்ற வாரி.

பக்கத்துத் தீவுகளுக்கு இதே முடிவை அப்படியே எடுத்துப் போக முடியாது. பார்படோஸில் எர்ரோல் பேரோ 1966 விடுதலைக்கு முன்பே பிரீமியர், பிறகு பிரதமர், 1976இல் தோற்று 1986இல் திரும்பி வந்தவர். அங்கே பதவிக்கால முறை நன்றாக ஓடும். ஜமைக்காவில்தான் வெட்டும் இடம் வலிக்கும். 1962 ஆகஸ்டில் தொடங்கினால், 1955 முதல் முதலமைச்சராகவும் 1959 முதல் பிரீமியராகவும் இருந்து, விடுதலைக்குச் சில மாதம் முன்பு தேர்தலில் தோற்ற நார்மன் மான்லி பட்டியலிலேயே இருக்க மாட்டார். அவர் மகன் மைக்கேல் மான்லி இரண்டு வரிகளில் இருப்பார்.